இன்னொருத்தியின் மிச்ச வேஷம்

ஹெஸ்டர் பாலிட் மொத்தம் பதினான்கு படங்களில் நடித்தாள். முதல் படத்தில் அவள் முகம் ஓரிடத்திலும் தெரியாது. முதுகு தெரியும், கை தெரியும், கதவைச் சாத்திவிட்டுப் போகிற பாவாடையின் விளிம்பு தெரியும். குரலும் கேட்கும். ஆனால் கொட்டகை வாசலில் மாட்டியிருந்த தட்டிகளில் இமோஜென் டாரண்ட் என்று இன்னொருத்தியின் பெயர்தான் பெரிய எழுத்தில் இருந்தது. அந்த இன்னொருத்தி, படம் வெளியாவதற்கு ஏழு மாதம் முன்பே செத்துப்போயிருந்தாள்.

நாற்பத்தேழாம் வருஷத்துப் பனிக்காலம் அது. நிலக்கரி வண்டிகள் பனியில் புதைந்து கிடந்தன. லண்டனில் பகலிலேயே விளக்குகளை நிறுத்திவைத்தார்கள். நாடகக் கொட்டகைகள் மூடிக் கிடக்க, ஹேமர்ஸ்மித்தில் ஒரு வாடகை அறையில் கோட்டையும் கழற்றாமல் போர்வைக்குள் படுத்திருந்தாள் ஹெஸ்டர். வயது இருபத்துமூன்று. ஓல்டம் ஊர்க்காரி. அவளுடைய அம்மா அங்கே பஞ்சாலையில் தறி ஓட்டினாள். ஹெஸ்டரும் ஐந்து வருஷம் அதே ஆலையில் நின்றவள்தான். பிறகு ஒரு நாடகக் குழுவோடு கிளம்பி வந்து, தட்டு ஏந்துகிற வேலைக்காரியாகவும் கடைசி அங்கத்தில் தந்தி கொண்டுவருகிற பெண்ணாகவும் ஊர் ஊராகச் சுற்றிக்கொண்டிருந்தாள்.

தேம்ஸ் கரையோரம் இருந்த ஒரு சின்ன ஸ்டுடியோவிலிருந்து ஆள் வந்து கூப்பிட்டபோது, தன் நடிப்பை யாரோ எங்கேயோ பார்த்திருக்கிறார்கள் என்று நம்பித்தான் போனாள். டைரக்டர் பெவன் அவளை ஏறிட்டும் பார்க்கவில்லை.

"திரும்பி நில்லு. தோளைக் கொஞ்சம் எறக்கு. அந்த ஜன்னல் வரைக்கும் நடந்து போ." போனாள். "சரி, போதும். கேமரா பின்னாடி இருந்தா யாருக்கும் தெரியாது."

"முகம்?" என்று கேட்டாள் ஹெஸ்டர்.

"முகம்தான் எங்ககிட்ட இருக்கே. முதுகுதான் இல்ல."

இமோஜென் டாரண்ட் படம் முடிய பன்னிரண்டு நாள் இருக்கும்போது செத்துவிட்டாள். சனிக்கிழமை, ஒரு பெரிய வீட்டு விருந்துக்குத் தானே கார் ஓட்டிக்கொண்டு போனவள், ஸ்டாம்ஃபோர்ட் பக்கம் பனியில் சறுக்கிப் பாலத்தில் மோதினாள் என்று பத்திரிகைகள் எழுதியிருந்தன. ஊரே குளிரில் விறைத்துக் கிடக்கையில் இவளுக்கு விருந்து கேட்கிறதா என்று ஒரு பத்திரிகை குத்திக்கூடக் காட்டியது.

அவளுடைய சாம்பல் நிறக் கோட்டை ஹெஸ்டருக்கு மாட்டிவிட்டார்கள். காலரின் உள்பக்கம் முகப்பவுடர் ஒட்டியிருந்தது. கையுறைகள்தான் ஹெஸ்டரை ரொம்பப் படுத்தின. இன்னொருத்தியின் விரல்கள் மடங்கி மடங்கி அந்தத் தோல் ஒரு வாக்கில் படிந்திருந்தது. ஹெஸ்டர் கையை நுழைத்தால், உள்ளே ஏற்கெனவே ஒரு கை இருப்பது போலவும், அது தன் விரலைப் பிடித்து வளைப்பது போலவும் இருந்தது. மூன்றாம் நாள் கையுறையைக் கழற்றிய பிறகும் விரல்கள் அப்படியே வளைந்து நின்றன. துணிமணி பார்க்கும் அம்மாள் அதைப் பார்த்துவிட்டு வேறு பக்கம் திரும்பிக்கொண்டாள்.

முதுகு வேலை முடிந்ததும் குரல் வேலை வந்தது. மின்சாரம் இல்லாத நாட்களில் ஜெனரேட்டர் வைத்து எடுத்ததால் மூன்று காட்சிகளில் ஒரே உறுமல். படத்தில் இமோஜென் உதட்டை அசைக்கிறாள், பேச்சு கேட்கவில்லை. அந்த உதட்டசைவுக்கு ஹெஸ்டர் பேச வேண்டும். ஒலிப்பதிவு செய்கிற வில்ஃப் நல்ல மனுஷன். நல்லபடியாக அமைந்த காட்சிகளின் ஒலிச்சுருள்களைத் திரும்பத் திரும்பப் போட்டுக் காட்டினான்.

"வார்த்தையைக் கவனிக்காத. மூச்ச எங்க எடுக்கிறான்னு பாரு," என்பான். "மூச்சு வந்துட்டா குரல் தானா வந்துரும்."

நான்கு நாளில் வந்துவிட்டது. பட்டுத் துணியை விரலால் நீவுவது போன்ற, மெதுவான, பெரிய இடத்துக் குரல். அதில் பேசிவிட்டு ஹெஸ்டர் நிமிர்ந்தால், கண்ணாடிக்கு அந்தப்பக்கம் வில்ஃப் வெளுத்துப்போய் உட்கார்ந்திருப்பான்.

ஐந்தாம் நாள் அவன் தேநீர் வாங்கப் போனபோது சுருளை நிறுத்த மறந்துவிட்டான். காட்சி முடிந்து பெவன் "கட்" என்றது கேட்டது. பிறகு காலடிச் சத்தம், யாரோ இருமுவது. மைக்கை யாரும் அணைக்கவில்லை போலிருக்கிறது. அப்புறம் ஒரு பெண் குரல். அந்தப் பட்டுக் குரல் இல்லை. கடல் காற்றில் உப்பேறிய வடக்கத்திக் குரல்.

"யம்மா, என்னா குளுரு! காலு ரெண்டும் மரத்துப் போச்சு." சின்னதாக ஒரு சிரிப்பு. பிறகு சிரிப்பு நின்றது. "சார், எங்கப்பாவ இன்னும் மண்ணுல வைக்கல. தரை கல்லா எறுகிக் கெடக்காம், தோண்ட முடியலியாம். எனக்காவத்தான் காத்துக் கெடக்காரோன்னு இருக்கு. ரெண்டு நாளு விடுங்க சார். யம்மா ஒத்தையில இருக்கா."

பெவனின் குரல்: "முடியாது. உன்ன விட்டுட்டு நான் யாரை வச்சு எடுக்கிறது?"

"அப்ப சனிக்கெழம மத்தியானம் நானே கார எடுத்துட்டுப் போயிருவேன். நீங்க விட்டாலும் சரி, விடாட்டாலும் சரி."

சுருள் அங்கே தீர்ந்து, முனை பட் பட் என்று அடித்துக்கொண்டே சுற்றியது.

கையில் இரண்டு கோப்பைகளோடு வில்ஃப் வாசலில் நின்றான். "நீ இதக் கேக்கல, ஹெஸ்டர்."

"அவ விருந்துக்குப் போகல."

"நீ கேக்கல. நானும் கேக்கல. எனக்கு ரெண்டு குழந்தைங்க இருக்கு."

யார் போய்ச் சொன்னார்களோ, அன்று மாலையே பெவன் அவளைக் கூப்பிட்டு உட்காரவைத்தார். அப்போதுதான் முதல்முறையாக அவள் முகத்தைப் பார்த்தார். ஐந்து வருஷ ஒப்பந்தம், இனிமேல் முகம் தெரிகிற வேஷங்கள். "டாரண்ட் விருந்துக்குப் போனா. எல்லாப் பேப்பர்லயும் அப்படித்தான் வந்திருக்கு. புரியுதா?"

"புரியுது, சார்," என்றாள் ஹெஸ்டர். சொன்ன பிறகுதான், தான் இமோஜென் குரலில் சொல்லியிருப்பது அவளுக்கே தெரிந்தது. பெவன் பேனாவின் மூடியைத் திருகிக்கொண்டிருந்தவர், அப்படியே கையை நிறுத்தினார்.

ஈஸ்டருக்கு ஓல்டம் போனாள். சமையற்கட்டில் ரொட்டி வெட்டிக்கொண்டிருந்த அம்மா, முன்வாசலில் இவள் பேசுகிற குரலைக் கேட்டு, "ஏங்கண்ணு, ஆரோட வந்திருக்கற? ஆரது பேசறது?" என்று கையைத் துடைத்தபடி வந்தாள். வாசலில் மகள் மட்டும் நின்றாள். ஹெஸ்டர் தன் பழைய பேச்சில் பேச முயன்றாள். வார்த்தைகள் வந்தன, ஆனால் யாரையோ கேலி செய்கிற மாதிரி இருந்தது. "கூத்தாடப் போனவ கூத்தாடியாவே வந்திருக்கற," என்று சொல்லிவிட்டு அம்மா ரொட்டிக்கே திரும்பினாள்.

படம் செப்டம்பரில் வந்தது, நன்றாகவே ஓடியது. அக்டோபரில் வடக்குக் கடலோரத்து விட்பி ஊரிலிருந்து ஒரு கடிதம் ஸ்டுடியோவுக்கு வந்து, தபால் பிரிக்கிற பெண்ணின் கவனக்குறைவால் ஹெஸ்டரின் கைக்கு வந்து சேர்ந்தது. கோணல்மாணலான பெரிய எழுத்து. "படத்தில் மூணு இடத்தில் பேசுவது என் மகள் இல்லை. நான் பதினோரு தடவை பார்த்துவிட்டேன். அது யார் என்று சொல்லுங்கள். எனக்குக் கோபமில்லை. அந்தப் பெண்ணைப் பார்க்க வேண்டும். மிஸஸ் ஏடா வெதரில்."

உண்மையைச் சொல்லிவிடுவது என்றுதான் ஹெஸ்டர் ரயில் ஏறினாள். யார்க் தாண்டி, கடல் தெரிகிற வரைக்கும் வாய்க்குள்ளேயே சொல்லிப் பார்த்துக்கொண்டு போனாள்.

துறைமுகத்துக்கு மேலே ஏறிப்போகிற படிக்கட்டுச் சந்தில் அந்த வீடு. மீன் புகைபோடும் கொட்டகைகளின் வாசம் சுவரிலெல்லாம் ஏறியிருந்தது. மிஸஸ் வெதரில் குட்டையான, திடமான பெண்மணி. ஹெர்ரிங் மீன் அரிந்து அரிந்து விரல்களெல்லாம் வெள்ளைத் தழும்புகள். கண்ணில் புரை விழ ஆரம்பித்திருந்தது. கணப்புக்கு மேலே புருஷன் படம் இருந்தது. மகள் படம் இல்லை.

"நெல்லி படத்த எடுத்து உள்ள வச்சுட்டேன்," என்றாள் மிஸஸ் வெதரில், இவள் பார்வை போன இடத்தைக் கவனித்துவிட்டு. "இமோஜென்னு பேரு வச்சதெல்லாம் ஒங்க ஆளுங்கதான். இங்க அவ நெல்லி. பெத்த அப்பன் பெட்டிக்குள்ள கெடக்கான், இவ விருந்துக்குப் போனா. அவரு பக்கத்துல அவள வைக்க எனக்கு மனசு வரல. லண்டன்லயே கெடக்கட்டும்னு விட்டுட்டேன்."

ஹெஸ்டர் வாயைத் திறந்தாள். அதற்குள் மிஸஸ் வெதரில், "பேசு புள்ள. படத்துல பேசுனியே, அப்படிப் பேசு," என்றாள்.

தயங்கித் தயங்கி, படத்தில் வருகிற ஒரு வசனத்தை இமோஜெனின் குரலில் சொன்னாள் ஹெஸ்டர். கிழவியின் முகம் சுருங்கியது.

"இது லண்டன்ல ஒரு வாத்தியாரம்மா சொல்லிக்குடுத்த பேச்சு. இந்தப் பேச்சோட ஊருக்கு வராதட்டின்னு நானே அவள ஏசியிருக்கேன். எம்மவ பேச்சு ஒனக்கு எங்க தெரியப்போவுது." முந்தானை போல இடுப்பில் கட்டியிருந்த ஏப்ரன் நுனியால் கண்ணை ஒற்றிக்கொண்டாள். "சரி, டீயக் குடி."

அப்போது ஏன் அப்படிச் செய்தாள் என்று ஹெஸ்டருக்குக் கடைசிவரை தெரியவில்லை. இரக்கமாக இருக்கலாம். நடிகையின் புத்தியாகவும் இருக்கலாம். அவள் யோசிப்பதற்கு முன்பே அது வெளியே வந்துவிட்டது: "யம்மா, என்னா குளுரு! காலு ரெண்டும் மரத்துப் போச்சு."

கிழவியின் கையிலிருந்த கெண்டி மேஜைமேல் சாய்ந்து, தேநீர் விரிப்பெல்லாம் ஓடியது. அவள் அதைத் துடைக்கவில்லை. கண்ணை இறுக மூடிக்கொண்டு, "இன்னொரு தடவ," என்றாள்.

ஹெஸ்டர் இன்னொரு தடவை சொன்னாள். மிச்சத்தைச் சொல்லவில்லை. மாலை ரயிலுக்குக் கிளம்பும்போது காகிதத்தில் சுற்றி இரண்டு புகைமீன் கொடுத்து, "திரும்ப வா புள்ள," என்றாள் கிழவி.

போகாமல் இருக்க முடியவில்லை. வருஷத்துக்கு நான்கு முறை, ஏறக்குறைய எட்டு வருஷம் போனாள். போகும்போதெல்லாம் சொல்லிவிட வேண்டும் என்றே போனாள். போய்ச் சேர்ந்ததும் நெல்லி குரலில் அன்றாடக் கதைகள் பேசிவிட்டுத் திரும்பினாள். ஒலிச்சுருளில் கேட்டது பத்துப் பன்னிரண்டு வாக்கியம்தான். ஆனால் அந்த விதையிலிருந்து முழுப்பேச்சும் முளைத்துவிட்டது. கிழவி திருத்தவேயில்லை. ஒருமுறை, அறுத்துவைத்த ரொட்டியின் காய்ந்த நுனியை ஹெஸ்டர் எடுத்துக்கொண்டபோது, "நுனிய நீதான் திம்ப," என்றாள் சாதாரணமாக. அதற்கு முன்பு ஹெஸ்டர் நுனி ரொட்டியைத் தொட்டதே இல்லை.

லண்டனிலோ அவள் வாழ்க்கை பெரிதாக ஒன்றும் ஏறவில்லை. முகம் தெரிகிற வேஷங்கள் வந்தன: தொலைபேசி இணைக்கிற பெண், மருத்துவமனைத் தாதி, பிணத்தை முதலில் பார்த்துக் கத்துகிற வேலைக்காரி. கத்துவதில் பெயர் வாங்கினாள். "மறைந்த டாரண்டை நினைவூட்டும் ஒரு துணைநடிகை" என்று விமர்சனங்களில் ஒரு வரி வரும், சில சமயம் பெயர்கூட இல்லாமல். ஸ்டுடியோவில் பழைய ஆட்கள் அவளுடைய முதுகைப் பார்த்து "இமோ!" என்று கூப்பிட்டுவிட்டு, அவள் திரும்பினதும் முகம் கறுத்துப் போவார்கள். கொஞ்ச நாளில் அவளும் அந்தப் பெயருக்குத் திரும்பப் பழகிவிட்டாள்.

ஐம்பத்தொன்றில் ஒரு நல்ல சந்தர்ப்பம் வந்தது. பஞ்சாலைப் பெண்ணைப் பற்றிய கதை. கதாநாயகியின் தங்கை வேஷம். ஓல்டம் பெண்ணுக்கு இதைவிடப் பொருத்தமாக என்ன வரும்? புது டைரக்டர், "நடிக்கவே வேண்டாம், உங்க வீட்டுல எப்படிப் பேசுவீங்களோ அப்படியே பேசுங்க, போதும்," என்றார்.

ஹெஸ்டர் பேசினாள். முதலில் இமோஜென் வந்தாள். அவளைத் தள்ளினால் நெல்லி வந்தாள். இரண்டு பேரையும் தள்ளிவிட்டுத் துழாவினால் அங்கே ஒருவருமில்லை. அம்மாவின் முகத்தை நினைத்துப் பார்த்தாள், தறிச் சத்தத்தை நினைத்துப் பார்த்தாள்; நாக்கு மட்டும் திரும்பவில்லை.

"நீங்க உண்மையில எந்த ஊரு?" என்று கேட்டார் டைரக்டர். அந்த வேஷம் லண்டன்காரி ஒருத்திக்குப் போனது. அவள் நன்றாகவே செய்தாள்.

ஐம்பத்தைந்து ஏப்ரலில், ஒரு ஞாயிறு மத்தியானம். மிஸஸ் வெதரிலுக்கு அப்போது பார்வை சுத்தமாகப் போயிருந்தது. சாப்பாடு முடிந்து, ஜன்னல் வெளிச்சம் படுகிற இடத்தில் இருவரும் உட்கார்ந்திருந்தார்கள். வெளியே கடற்காக்கைகள் இரைச்சல் போட்டன. ஹெஸ்டர் வழக்கம்போல நெல்லி பேச்சில் ஏதோ ரயில் கதை சொல்லிக்கொண்டிருந்தாள். கிழவி நடுவில் வெட்டினாள்.

"ஏட்டி, நெல்லி. ஒன்னு கேக்கேன். மறைக்காமச் சொல்லு. ஒங்கப்பாவ மண்ணுல வைக்க ஏன் வரல நீ?"

ஹெஸ்டர் எந்தக் குரலிலும் சேராத ஒரு குரலில், "மிஸஸ் வெதரில், நான் ஹெஸ்டர்," என்றாள்.

"தெரியும் புள்ள. கண்ணுதான் போச்சு, காது போவல. மொத நாள்லருந்தே தெரியும். ஆனா எனக்கு வேற யாரு இருக்கா கேக்கதுக்கு? அவ வாயில வந்து பேசுனது நீ ஒருத்திதான். நீதான் சொல்லணும்."

ஹெஸ்டர் சொன்னாள். ஒலிச்சுருள், பெவன், ஒப்பந்தம் எல்லாம் சொன்னாள். சனிக்கிழமை மத்தியானம் ஸ்டாம்ஃபோர்ட் வழியாக வடக்கே வந்த கார், விருந்துக்கு வந்த கார் இல்லை என்றாள்.

கிழவி முகத்தை அவள் பக்கம் திருப்பினாள். "அவ எப்படிச் சொன்னாளோ அப்படியே சொல்லு," என்றாள். "ஒரு வார்த்த கொறையாம."

அதையும் சொன்னாள். எனக்காவத்தான் காத்துக் கெடக்காரோன்னு இருக்கு. யம்மா ஒத்தையில இருக்கா. சொல்லி முடித்தபோது மிஸஸ் வெதரிலின் இரண்டு கையும் மேஜை விளிம்பை இறுக்கிப் பிடித்திருந்தன. உதடு மட்டும், பின்னாலேயே அந்த வார்த்தைகளை ஒவ்வொன்றாக ஓசையில்லாமல் சொல்லிக்கொண்டிருந்தது.

பிறகு அவள் நிமிர்ந்தாள்.

"எட்டு வருசம். எம்மவள எட்டு வருசமா நான் ஏசிக்கிட்டு இருக்கேன். சாமி கும்பிடறப்பக்கூட ஏசிக்கிட்டுத்தான் கும்பிட்டேன். நீ இத வாயில அடக்கி வச்சுக்கிட்டு, எங்க வீட்டு ரொட்டியத் தின்னுட்டு, அவ மாதிரி சிரிச்சுக்கிட்டு உக்காந்திருக்க."

"சொல்லணும்னுதான் ஒவ்வொரு தடவையும் வந்தேன்..."

"போ. எந்திரிச்சுப் போ. இனி இந்தப் படி ஏறாத."

ஹெஸ்டர் தொப்பியைக்கூட எடுக்காமல் இறங்கிப் போனாள்.

அந்த வருஷம் இன்னும் ஒரு படம் நடித்தாள். அதில் ஒரே வசனம். அதையும் வேறொரு பெண்ணை வைத்துப் பேசவைத்துவிட்டார்கள், குரலில் உயிர் இல்லை என்று. அதோடு சினிமாவை விட்டுவிட்டு ஓல்டம் திரும்பினாள். ஒரு மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை கிடைத்தது. சட்டத்தைக் காதில் மாட்டிவிட்டு, கீழ்வரிசை எழுத்துகளைப் படிக்கச் சொல்கிற வேலை. அதிகம் பேச வேண்டியிராது. பேசுகிற கொஞ்சத்தையும் அளந்து பேசினாள். அம்மா மட்டும் விடமாட்டாள். "ஏங்கண்ணு, இன்னிக்கு ஆரு வந்திருக்கறீங்க?" என்று கேட்டுவிட்டுத்தான் சாப்பாடு வைப்பாள், அதில் கேலி பாதி, பயம் பாதி.

ஐம்பத்தெட்டு ஜூனில் விட்பியிலிருந்து ஒரு அட்டை வந்தது. பக்கத்து வீட்டு பெஸ்ஸி எழுதியிருந்தாள். மிஸஸ் வெதரில் மே மாதம் காலமாகிவிட்டார். உங்கள் தொப்பி ஒன்று இங்கே இருக்கிறது.

ஹெஸ்டர் போனாள். நல்ல வெயில் நாள். முதலில் குன்றின் மேலிருந்த கல்லறைத் தோட்டத்துக்குத்தான் ஏறினாள். ஒரே கல்லில் மூன்று பெயர்கள். மேலே புருஷன், கீழே புதிதாக வெட்டிய மனைவி பெயர். நடுவில், மூன்று வருஷ மழையில் ஓரளவு மங்கியிருந்த எழுத்துகளில்: "நெல்லி. இவர்களின் மகள். வீட்டுக்கு வரும் வழியில் இறந்தாள். உடல் லண்டனில்."

புல்லின் மேல் உட்கார்ந்துவிட்டாள் ஹெஸ்டர். அழுகை வரும் என்று நினைத்தாள், வரவில்லை. கீழே துறைமுகத்தில் ஒரு படகு திரும்புவதைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

இறங்கி வந்தபோது பெஸ்ஸி மிஸஸ் வெதரில் வீட்டு வாசலிலேயே நின்றாள். நெல்லியோடு ஒரே பெஞ்சில் உட்கார்ந்து படித்தவள். முப்பத்தைந்து வயதுக்கு நரைத்திருந்தாள். "நீங்கதான அந்தச் சினிமாக்காரம்மா? உள்ள வாங்க. நீங்க வந்தா டீ குடுத்து அனுப்புன்னு சொல்லிட்டுப் போயிருக்கா கெழவி."

"வேறு ஏதாவது சொன்னாங்களா?" என்று கேட்க நினைத்தாள் ஹெஸ்டர். ஆனால் இந்த வீட்டுக்குள், இந்தப் பெண்ணுக்கு முன்னால், வாயைத் திறந்தால் எந்தக் குரல் வருமோ என்று பயமாக இருந்தது. தலையை மட்டும் ஆட்டினாள்.

"வேற ஒன்னும் சொல்லல," என்றாள் பெஸ்ஸி, கேட்காத கேள்வி காதில் விழுந்துவிட்டது போல. "டீ குடுன்னா. அம்புட்டுதான்."

தேநீரை முழுக்கக் குடித்துவிட்டு, ரொட்டியில் கை வைக்காமல், ஹெஸ்டர் தொப்பியை வாங்கித் தலையில் வைத்துக்கொண்டாள். படியிறங்கும்போது பெஸ்ஸி மேலேயிருந்து பார்த்துக்கொண்டே நின்றாள். அந்த முதுகையும் அந்த நடையையும் அவள் எப்படிப் பார்த்தாள் என்று தெரிந்துகொள்ள ஹெஸ்டர் திரும்பவில்லை. துறைமுகத்து மூலை திரும்புகிற வரைக்கும் நேராகவே நடந்தாள்.